சாயூலாவைத் தாண்டினால் கேட்கும் குரல்

மெக்சிகோவின் குவாதலஹாராவிலிருந்து கொலிமா செல்லும் நெடுஞ்சாலையில் தெற்கே ஏறத்தாழ நூறு கிலோமீட்டர் வந்து சாயூலா என்ற ஊரைத் தாண்டியதும், அதுவரை கரகரத்துக்கொண்டிருந்த ஒரு பண்பலை கார் வானொலியில் தெளிவாகக் கேட்கத் தொடங்கும். வீடு வந்துவிட்டது என்று எனக்குத் தோன்றுவது அப்போதுதான். 2021 முதல் நான் வசிக்கும் சியுதாத் குஸ்மான் அங்கிருந்து இன்னும் 25 கிலோமீட்டர் தூரம். ஹலிஸ்கோ மாநிலத்தின் தென்பகுதியில், 4,200 மீட்டருக்கு மேல் உயர்ந்த நெவாதோ தெ கொலிமா மலையின் அடிவாரத்தில், ஒரு லட்சத்துக்குச் சற்று மேற்பட்ட மக்கள் வாழும் ஊர் அது. சுற்றிலும் அவகாடோ தோப்புகளும் பழச்செடிகளுக்கான பிளாஸ்டிக் கூடாரங்களும் நிறைந்திருக்கும். அந்தத் தோட்டங்களின் சொட்டுநீர்க் கருவிகளைப் பராமரிப்பதுதான் என் வேலை. இந்தப் பதிவில் நான் சொல்ல வந்தது அந்தப் பண்பலையைப் பற்றி. அதன் பெயரை எழுதப்போவதில்லை. மெக்சிகோவின் எத்தனையோ சிற்றூர்களில் இதே கதை நடக்கிறது. ஒரு நிலையத்தின் மீது மட்டும் பழி போடுவது நியாயமாகாது.

அது பாப் பாடல்களை ஒலிபரப்பும் வணிக நிலையம். காலையில் ஸ்பானிஷ் காதல் பாடல்கள், மதியத்துக்கு மேல் ரெகேதோன், இடையிடையே ஆங்கிலப் பாடல்கள். மேற்கு மெக்சிகோவின் தெருக்களில் பித்தளை வாத்தியங்கள் முழங்கும் பாந்தா இசைதான் ஓங்கி ஒலிக்கும். அதற்கென்று தனி நிலையங்கள் இருக்கின்றன. பள்ளி, கல்லூரிப் பிள்ளைகளும், அழகு நிலையங்களில் வேலை செய்யும் பெண்களும், துணிக்கடைப் பணியாளர்களும் திருப்பி வைப்பது இந்தப் பாப் நிலையத்தைத்தான். குவாதலஹாராவிலோ தலைநகரான மெக்சிகோ நகரத்திலோ இதே பாடல்களை இதே வரிசையில் கேட்கலாம் என்பது உண்மைதான். இந்த ஊருக்கென்று அந்த நிலையத்தில் இருந்தது, இரண்டு பாடல்களுக்கு நடுவில் பேசிய குரல். அந்தக் குரலைத்தான் சில மாதங்களுக்கு முன்பு எடுத்துவிட்டார்கள். காலை ஆறு மணி முதல் பத்து மணி வரை உள்ளூர் அறிவிப்பாளர் நடத்திவந்த நிகழ்ச்சியின் இடத்தில், தலைநகரில் தயாரான தொகுப்பு நிகழ்ச்சி இப்போது அப்படியே ஓடுகிறது.

அந்த அறிவிப்பாளர் என்ன செய்துகொண்டிருந்தார் என்பதை நான் நேரில் பார்த்திருக்கிறேன். வந்த முதல் ஆண்டில், சந்தையில் என் பணப்பையைத் தொலைத்துவிட்டேன். வசிப்பிட அட்டை அதற்குள் இருந்தது. வானொலியில் சொல்லுங்கள் என்று காய்கறிக்கடை அம்மாள் அனுப்பிவைத்தார். ஒரு செருப்புக்கடையின் மாடியில் இரண்டு அறைகள்தான் மொத்த நிலையமும். கண்ணாடிக்குப் பின்னால் ஐம்பது வயது மதிக்கத்தக்க ஒருவர் தனியாக உட்கார்ந்து, ஒரு கையால் ஒலிக்கலவைப் பலகையையும் மறு கையால் கைபேசியில் குவியும் வாட்ஸ்அப் செய்திகளையும் கவனித்துக்கொண்டிருந்தார். பாடல் முடிய நாற்பது வினாடி இருக்கும்போது என்னை உள்ளே அழைத்து, விவரம் கேட்டு, ஒரு துண்டுக் காகிதத்தில் எழுதிக் கண்ணாடியில் ஒட்டினார். அங்கே ஏற்கெனவே ஏழெட்டுத் துண்டுகள் ஒட்டியிருந்தன. காணாமல் போன ஒரு நாய்க்குட்டி, ஓ நெகட்டிவ் ரத்தம் தேவைப்படும் ஒரு நோயாளி, கண்டெடுக்கப்பட்ட சாவிக்கொத்து, தண்ணீர் நிறுத்தப்படும் இரண்டு குடியிருப்புகளின் பெயர்கள். என் அறிவிப்பை அன்று மூன்று முறை படித்தார். காசு வாங்கவில்லை. மாலையில் தாக்கோ விற்கும் ஒருவர் அழைத்து, பை என்னிடம் இருக்கிறது, வந்து வாங்கிக்கொள்ளுங்கள் என்றார்.

மெக்சிகோ வானொலிக்காரர்கள் இவற்றைப் பொதுநல அறிவிப்புகள் என்றும், நேயர் விருப்பப் பாடல்களைக் கொம்ப்ளசென்சியாஸ் என்றும், பெயர் சொல்லி வாழ்த்துவதைச் சலூதோஸ் என்றும் சொல்வார்கள். நான் போய்வரும் அவகாடோ பெட்டியிடும் கூடத்தில் அந்தச் சலூதோஸுக்கு எவ்வளவு மதிப்பு இருந்தது என்பதை நேரில் இருந்தால்தான் புரியும். தூணில் ஆணியடித்து வானொலியை மாட்டியிருப்பார்கள். பழங்கள் உருண்டு வரும் பட்டையின் இரைச்சலை மீறிக் கேட்க வேண்டும் என்பதற்காக அதன் ஒலியை முழுதாகத் திறந்து வைத்திருப்பார்கள். தலையில் வலைத்தொப்பி அணிந்த பெண்கள் பேசிக்கொண்டே தரம் பிரிப்பார்கள். ஆனால் அறிவிப்பாளர் பெயர்களைப் படிக்கத் தொடங்கிய நொடியில் பேச்சு நின்றுவிடும். யாருடைய மகளுக்கு இன்று பதினைந்து வயது நிறைகிறது, யாருடைய கணவர் அமெரிக்காவில் திராட்சை பறித்துக்கொண்டே இணையம் வழியாக இதைக் கேட்கிறார், எந்தப் பாட்டிக்கு எண்பது வயது என்று ஒவ்வொன்றாக வரும். தன் பெயர் வந்த பெண் ஒரு கணம் கையை நிறுத்திவிட்டு, மற்றவர்களைப் பார்த்துச் சிரித்துவிட்டு, மறுபடி பழத்தைப் பிரிப்பார். எந்தக் கைபேசிச் செயலியும் இதுவரை அப்படியொரு கணத்தை அந்தக் கூடத்தில் உண்டாக்கி நான் பார்த்ததில்லை. கைபேசியில் வரும் வாழ்த்து ஒருவருக்கு மட்டும் வருகிறது. வானொலியில் வரும் வாழ்த்தை ஊரே கேட்கிறது.

2022 செப்டம்பர் 19 அன்று நடந்ததையும் சொல்ல வேண்டும். 1985-இல் அதே தேதியில் வந்த பெரு நிலநடுக்கத்தில், ஹலிஸ்கோ மாநிலத்திலேயே மிகக் கடுமையாகப் பாதிக்கப்பட்ட ஊர் இதுதான். வயதானவர்கள் இன்றும் அந்தக் காலையைப் பற்றிப் பேசும்போது குரல் தாழும். ஆண்டுதோறும் அந்த நாளில் நாடு முழுவதும் ஒத்திகை நடக்கும். 2022-இலும் 12:19 மணிக்கு ஒத்திகை முடிந்து எல்லாரும் திரும்ப வேலையில் உட்கார்ந்த ஒரு மணி நேரத்துக்குள், மிச்சோவகான் கடலோரத்தில் 7.7 அளவில் உண்மையான நிலநடுக்கம் வந்தது. நாங்கள் கூடத்திலிருந்து வெளியே ஓடினோம். கைபேசி இணைப்பு கிடைக்கவில்லை. ஒரு லாரியின் கதவைத் திறந்து வைத்து, எல்லாரும் அதைச் சுற்றி நின்று அந்தப் பாப் நிலையத்தைக் கேட்டோம். அறிவிப்பாளர் பாடலை நிறுத்திவிட்டு, எந்தப் பள்ளியில் பிள்ளைகளை முற்றத்தில் நிறுத்தியிருக்கிறார்கள், எந்தத் தெருவில் சுவர் சரிந்திருக்கிறது, எந்தப் பக்கம் வண்டி ஓட்டிப் போக வேண்டாம் என்று நிதானமாகச் சொல்லிக்கொண்டே போனார். தெருப் பெயரை மட்டும் சொல்லாமல், இன்ன பேக்கரிக்கு எதிரே என்று சொன்னார். ஏனென்றால் அந்த ஊர்க்காரர்கள் இடத்தை அப்படித்தான் அறிவார்கள். என் அருகில் நின்ற பெண் தன் மகனின் பள்ளியின் பெயரைக் கேட்ட பிறகுதான் தரையில் உட்கார்ந்தார். தலைநகரிலிருந்து ஓடும் தொகுப்பு நிகழ்ச்சி அந்த நேரத்தில் என்ன சொல்லியிருக்கும்? மெக்சிகோ நகரத்தில் எந்தக் கட்டடங்கள் ஆடின என்று சொல்லியிருக்கும். அதுவும் தேவையான செய்திதான், ஆனால் எங்களுக்குத் தேவையான செய்தி அது அல்ல.

உரிமையாளர்களின் பக்கமும் எனக்குத் தெரியாமல் இல்லை. 2008-இல் வந்த அரசு உடன்பாட்டின்படி மெக்சிகோவின் நூற்றுக்கணக்கான மத்திய அலை நிலையங்கள் பண்பலைக்கு மாறின. எக்ஸ்.இ. என்று தொடங்கிய நிலைய அடையாள எழுத்துகள் எக்ஸ்.எச். என்று ஆயின. ஒலி தெளிவானது. ஆனால் மலையைத் தாண்டி இரவில் வெகுதூரம் போகும் மத்திய அலையின் வீச்சு போய், 3 கிலோவாட் திறனில் 24 கிலோமீட்டர் ஆரம் என்ற சிறிய வட்டத்துக்குள் பல நிலையங்கள் சுருங்கின. அந்த வட்டத்துக்குள் இருக்கும் மருந்துக்கடையும் அறைகலன் கடையும் ஓட்டுநர் பயிற்சிப் பள்ளியும்தான் விளம்பரதாரர்கள். அவர்களில் பாதிப் பேர் இப்போது முகநூலுக்குப் போய்விட்டார்கள். 2017-இல் அரசு முதன்முறையாக வானொலி அலைவரிசைகளை ஏலத்துக்குக் கொண்டுவந்து, 257 அலைவரிசைகளை முன்வைத்தது, போட்டி பெருகியது. உரிமத்தைப் புதுப்பிக்கும்போதும் அரசுக்குக் கட்டணம் செலுத்த வேண்டும். ஒவ்வொரு நாளும் அரசின் செய்திகளுக்கு இலவச நேரம் ஒதுக்க வேண்டும். தேர்தல் காலத்தில் கட்சிகளுக்கும் தேர்தல் அமைப்புகளுக்குமாக நாளொன்றுக்கு 48 நிமிடங்கள் போய்விடும். 2007 தேர்தல் சீர்திருத்தத்துக்குப் பிறகு கட்சிகளிடம் காசு வாங்கி விளம்பரம் போடவும் முடியாது. அந்தச் சீர்திருத்தத்தை நான் முழு மனதோடு ஆதரிக்கிறேன். ஆனால் கணக்கு நோட்டைத் திறந்து பார்க்கும் உரிமையாளருக்கு, தலைநகர நிறுவனம் பெயர், முத்திரை இசை, பாடல் பட்டியல், காலை நிகழ்ச்சி எல்லாவற்றையும் ஒரே ஒப்பந்தத்தில் தருகிறேன் என்று சொல்லும்போது, ஓர் அறிவிப்பாளரின் சம்பளம் மிச்சமாகும் என்பது பெரிய விஷயமாகத்தான் தெரியும்.

இத்தனையும் ஒப்புக்கொண்ட பிறகும் என் கருத்து மாறவில்லை. மெக்சிகோவில் வணிக வானொலி உரிமம் 20 ஆண்டுகள் வரை வழங்கப்படுகிறது. அந்த உரிமத்தில் முதன்மையாகச் சேவை பெறும் ஊர் என்று ஓர் ஊரின் பெயர் எழுதப்பட்டிருக்கும். காற்றில் போகும் அந்த அலைவரிசை உரிமையாளரின் சொத்து அல்ல, நாட்டின் சொத்து. ஓர் ஊருக்குச் சேவை செய்வேன் என்று சொல்லித்தான் அதை வாங்கியிருக்கிறார்கள். கோபுரத்தை இந்த ஊரில் நட்டு, இந்த ஊரின் கடைகளிடம் விளம்பரம் வாங்கி, குரலை மட்டும் சாலை வழியே அறுநூறு கிலோமீட்டருக்கும் அதிகமான தொலைவிலிருந்து கொண்டுவந்தால், அதைச் சேவை என்று சொல்ல என்னால் முடியவில்லை. காலை ஏழு மணிக்கு அந்த நிகழ்ச்சியில் வரும் போக்குவரத்துத் தகவல், எங்களில் யாரும் போகாத தலைநகரச் சாலைகளைப் பற்றியது.

உள்ளூர்ச் செய்திகளுக்குப் பல்கலைக்கழக வானொலியும் சமூக வானொலியும் இருக்கின்றனவே என்று நண்பர்கள் கேட்கிறார்கள். வேராகுரூஸ் மாநிலத்தில் 1965 முதல் இயங்கும் தெயோசெலோ வானொலியைப் போன்ற முயற்சிகளை நான் தலைவணங்கி மதிக்கிறேன். ஆனால் பதினேழு வயதுப் பிள்ளை திருப்பி வைப்பது பாப் நிலையத்தைத்தான். ரத்தம் தேவை என்ற அறிவிப்பு, ரத்தம் கொடுக்கக்கூடிய இளைஞர்களின் காதில் விழ வேண்டுமானால், அவர்கள் கேட்கும் பாடல்களுக்கு நடுவில்தான் வர வேண்டும். பாப் வானொலி வெறும் பொழுதுபோக்கு, அதற்கு எதற்குப் பொறுப்பு என்று கேட்பவர்கள் இதைத்தான் மறந்துவிடுகிறார்கள். இந்த நாட்டில் பாப் வானொலியின் வரலாறும் அப்படிப்பட்டதல்ல. 1930-இல் எக்ஸ்.இ.டபிள்யூ. நிலையம் தொடங்கிய நாளிலிருந்தே, வணிக வானொலிதான் மெக்சிகோவுக்குத் தன் சொந்தப் பாட்டைக் கேட்க வைத்தது. சியுதாத் குஸ்மானில் பிறந்த, ‘பெசாமே முச்சோ’ என்ற புகழ்பெற்ற பாடலை இயற்றிய கொன்சுவேலோ வெலாஸ்கெஸ் தலைநகரத்து வானொலி ஒன்றில் பியானோ வாசித்து வளர்ந்தவர். சிற்றூரின் குரல் வானொலி வழியாக உலகத்துக்குப் போன வழி அது. இப்போது அந்த வழியில் எதிர்த்திசைப் போக்குவரத்து மட்டுமே நடக்கிறது.

அக்டோபரில் இங்கே திருவிழா. 1749-இல் வந்த நிலநடுக்கத்துக்குப் பிறகு ஊர்மக்கள் புனித யோசேப்புக்கு எடுத்த வேண்டுதலின் தொடர்ச்சி அது. சொனஹேரோஸ் எனப்படும் ஆட்டக்காரர்கள் மரத்தாலான கிலுகிலுப்பைகளை அசைத்துக்கொண்டு தெருவெல்லாம் ஆடுவார்கள். முன்பெல்லாம் அந்த நிலையத்தின் அறிவிப்பாளர் ஒலிவாங்கியோடு சதுக்கத்துக்கு வந்து, ஆடி முடித்து வியர்வையோடு நிற்கும் பையனிடம், எத்தனை ஆண்டாக ஆடுகிறாய், யாரிடம் கற்றாய் என்று கேட்பார். அடுத்த நொடியே ஒரு காதல் பாடல் போடுவார். அந்தப் பையனின் பேச்சும் அந்தக் காதல் பாடலும் ஒரே நிலையத்தில் வந்ததால்தான், தன் ஊரின் ஆட்டம் பழையது என்று அவன் வயதுப் பிள்ளைகள் ஒதுக்காமல் இருந்தார்கள் என்று நான் உறுதியாக நம்புகிறேன்.

வானொலிகளை மேற்பார்த்துவந்த அமைப்பு 2025-இல் கலைக்கப்பட்டு, அதன் இடத்தில் புதிய ஒழுங்குமுறை ஆணையம் வந்திருக்கிறது. உரிமங்களைப் புதுப்பிக்கும்போது அந்த ஆணையம் கட்டணத்தோடு இன்னொன்றையும் கேட்க வேண்டும்: காலை ஆறு முதல் இரவு பத்து வரை, உரிமத்தில் பெயர் எழுதப்பட்ட ஊரில் உட்கார்ந்து பேசும் ஒருவரின் குரல் எத்தனை மணி நேரம் வருகிறது? நாளொன்றுக்கு நான்கு மணி நேரம் என்று வைத்தாலும் போதும். விளம்பரத்துக்கு 40 விழுக்காடு என்று 2014-ஆம் ஆண்டுச் சட்டம் உச்சவரம்பு வைத்தது. காலை ஆறு மணிக்கும் நள்ளிரவிலும் தேசியகீதம் ஒலிக்க வேண்டும் என்றும், ஞாயிறு இரவு பத்து மணிக்கு 1937 முதல் வரும் தேசிய நிகழ்ச்சியை எல்லா நிலையங்களும் ஒலிபரப்ப வேண்டும் என்றும் விதிக்க முடிந்த நாட்டில், இதை விதிப்பது ஒன்றும் இயலாத காரியமல்ல. அதற்கு ஈடாகச் சிறிய ஊர் நிலையங்களுக்குக் கட்டணத்தைக் குறைக்கட்டும். நானே அதற்காகக் கையெழுத்து வாங்குவேன்.

நேற்றுக் காலை பெட்டியிடும் கூடத்தில் இருந்தேன். வானொலி அதே தூணில் தொங்குகிறது, ஒலியும் அதே அளவில்தான் இருக்கிறது. ஒரு பெண், மகளுக்கு இன்று பதினைந்து வயது என்று, நிலையத்தின் பழைய எண்ணுக்குக் குரல் செய்தி அனுப்பியிருந்தார். நன்றி, தொடர்ந்து கேளுங்கள் என்று இயந்திரப் பதில் வந்திருந்தது. அதைப் பார்த்த பிறகும் பத்து மணி வரை அவர் ஒவ்வொரு பாடல் முடியும்போதும் கையை நிறுத்தித் தூணைப் பார்த்துக்கொண்டே இருந்தார்.