டெண்டருக்கு வராமல் போனவர் யார்?

அரசு நிலம் டெண்டரில் போனது என்று செய்தி வந்தால் எல்லோரும் முதலில் பார்ப்பது தொகையைத்தான். எத்தனை கோடி, யார் எடுத்தார், அடிமாட்டு விலையா இல்லையா. எனக்கு என்னவோ, வந்த விண்ணப்பங்களைவிட வராமல் போன விண்ணப்பங்களைத்தான் முதலில் விசாரிக்க வேண்டும் என்று தோன்றுகிறது.

1979-ல் உச்ச நீதிமன்றம் தீர்த்துவைத்த ஒரு வழக்கு இருக்கிறது. பம்பாய் விமான நிலையத்தில் இரண்டாம் தர உணவகம் ஒன்றும் சிற்றுண்டிக் கடைகள் இரண்டும் நடத்த, சர்வதேச விமான நிலைய ஆணையம் டெண்டர் விட்டது. பதிவு பெற்ற இரண்டாம் தர ஓட்டல்காரராக இருக்க வேண்டும், குறைந்தது 5 ஆண்டு அனுபவம் வேண்டும் என்பது நிபந்தனை. மாதம் 6,666 ரூபாய் 66 காசு தருவதாகச் சொன்னவருக்கு இடம் போனது. வந்ததிலேயே அதுதான் அதிகத் தொகை. ஆனால் அவருக்கு இருந்தது கேன்டீன் நடத்திய அனுபவம். அறிவிப்பில் கேட்ட தகுதி இல்லை.

வழக்குப் போட்டவரோ டெண்டரே போடாதவர். 'போட்டியிலேயே இல்லாத உனக்கு என்ன நஷ்டம்?' என்று யாருக்கும் கேட்கத் தோன்றும். அவர் சொன்ன பதில்தான் முக்கியம். இந்த நிபந்தனையைப் பெரிதாக எடுத்துக்கொள்ள மாட்டார்கள் என்று தெரிந்திருந்தால் நானும் போட்டிருப்பேனே என்றார்.

நீதிபதி பகவதி எழுதிய தீர்ப்பு அதை ஏற்றுக்கொண்டது. அரசு தானே வகுத்த அளவுகோலை மீற முடியாது, அப்படிக் கொடுத்தது தவறு என்று சொன்னது. ஆனால் ஒப்பந்தம் ரத்தாகவில்லை! வழக்கு 5 மாதத்துக்கு மேல் தாமதமாக வந்தது, அதற்குள் எடுத்தவர் பணத்தைப் போட்டுவிட்டார், வழக்குப் போட்டவருக்கே அந்த இடத்தில் உண்மையான அக்கறை இருக்கிறதா என்ற சந்தேகம் வேறு. இன்றைக்கும் டெண்டர் வழக்குகளில் இந்தத் தீர்ப்பைத்தான் எடுத்துக் காட்டுகிறார்கள். கடை மட்டும் எடுத்தவரிடமே இருந்தது.

அதனால்தான் கோர்ட்டுக்குப் போய் நியாயம் வாங்கிக்கொள்ளலாம் என்ற பேச்சு எனக்கு எடுபடுவதில்லை. தீர்ப்பு வரும்போது அஸ்திவாரம் போட்டு இரண்டு மாடி எழும்பியிருக்கும்.

சரி, வராமல் போகச் செய்வது எப்படி? யாரையும் மிரட்டத் தேவையில்லை. அறிவிப்பை நீண்ட விடுமுறைக்கு முந்தைய நாள் போடலாம். படிவத்தை நேரில் வந்துதான் வாங்க வேண்டும் எனலாம். இத்தனை கோடி வருவாய், இத்தனை ஏக்கரில் இதே மாதிரித் திட்டம் ஏற்கெனவே முடித்திருக்க வேண்டும் என்று ஒருவருக்கு அளவெடுத்துத் தைத்த சட்டை மாதிரி தகுதி எழுதலாம். இவற்றையெல்லாம் விட நான் சந்தேகப்படுவது திருத்த அறிவிப்பைத்தான். முதல் அறிவிப்பில் கடுமையான நிபந்தனை இருக்கும், பாதிப் பேர் படித்துவிட்டு நமக்கு ஆகாது என்று ஒதுங்கிவிடுவார்கள். கடைசித் தேதிக்கு இரண்டு நாள் முன்னால் 'பிரிவு 7 இவ்வாறு திருத்தி வாசிக்கப்பட வேண்டும்' என்று ஒற்றை வரியில் தளர்வு வரும். காலக்கெடு மட்டும் நீளாது. முன்கூட்டியே தெரிந்தவர் தயாராக நிற்பார். காகிதத்தில் எல்லாம் சுத்தமாக இருக்கும், தணிக்கையிலும் பெரிதாக எதுவும் சிக்காது.

டெண்டர் முடிந்த பிறகு நடப்பது இன்னும் மோசம். 30 ஆண்டு குத்தகை, இன்ன பயன்பாடு, இத்தனை மாதத்தில் முழுத்தொகை என்று சொல்லித்தான் விலை கேட்கிறார்கள். சில வருடம் கழித்து, முதல் ஒப்பந்தத்தை மாற்றும் துணை ஒப்பந்தம் ஒன்று போட்டு குத்தகை நீளும், பயன்பாடு மாறும், பாக்கிக்குத் தவணை கிடைக்கும். அப்போது விற்கப்படுவது வேறு நிலம். இந்தப் புது நிபந்தனைகள் முன்பே தெரிந்திருந்தால் தோற்றவர்கள் எவ்வளவு கேட்டிருப்பார்கள் என்பது யாருக்கும் தெரியாது. அந்த விமான நிலைய வழக்கில் சொன்ன அதே 'நானும் போட்டிருப்பேனே'தான் இங்கேயும்.

இதற்காக எல்லா நிலத்தையும் அதிக விலைக்குத்தான் விற்க வேண்டும் என்று நான் சொல்லவில்லை. மருத்துவமனைக்கும் ஏழைகள் குடியிருப்புக்கும் குறைந்த விலையில் கொடுப்பது அரசின் வேலைதான். எல்லா இயற்கை வளத்துக்கும் ஏலம் கட்டாயமில்லை என்று உச்ச நீதிமன்றமே 2012-ல் கருத்துச் சொன்னது. ஆனால் குறைத்துக் கொடுப்பதென்றால், யாருக்கு, எந்த அளவுகோலில் என்பதை முன்பே ஊரறியச் சொல்ல வேண்டும். போபாலில் ஓர் அறக்கட்டளைக்கு 20 ஏக்கர் கொடுத்ததை 2011-ல் அதே நீதிமன்றம் ரத்து செய்ததும் இதனால்தான். விளம்பரமே இல்லாமல், கேட்ட ஒருவருக்கு மட்டும் எடுத்துக் கொடுத்திருந்தார்கள்.

வெளிப்படையாக நடத்தினால் முதலீட்டாளர்கள் ஓடிவிடுவார்கள் என்று ஒரு வாதம் எப்போதும் வரும். சிங்கப்பூரில் நகர மறுசீரமைப்பு ஆணையம் நில டெண்டர் முடிகிற அன்றே யார் யார் எவ்வளவு கேட்டார்கள் என்று பெயரோடு தொகையோடு வெளியிட்டுவிடுகிறது. யாரும் ஓடவில்லை. தோற்றவர்களின் தொகையும் பொதுவில் இருப்பதால், வென்றவர் எவ்வளவு வித்தியாசத்தில் வென்றார் என்று பத்திரிகைகள் மறுநாளே அலசுகின்றன. கூட்டுச் சேர்ந்து விலை வைப்பவர்களுக்கு அது சங்கடம்தான். இருக்கட்டுமே.

அப்புறம், ஒப்பந்த விவரத்தைக் கேட்டால் வரும் அந்தத் 'தொழில் ரகசியம்' என்ற பதில். நிறுவனத்தின் கட்டுமான நுட்பம் ரகசியமாக இருக்கலாம், கடன் வாங்கிய விவரம் ரகசியமாக இருக்கலாம், ஒப்புக்கொள்கிறேன். பொது நிலத்துக்கு எவ்வளவு கொடுத்தார், எந்த நிபந்தனையில் வாங்கினார், அதிகாரிகள் முன்பே மதிப்பிட்டு வைத்த விலை என்ன என்பதெல்லாம் எப்படி ரகசியமாகும்? விலைப்புள்ளி திறக்கும்வரை மூடி வைத்திருங்கள், அதில் நியாயம் இருக்கிறது. டெண்டர் முடிந்து ஐந்தாறு வருடம் கழித்துக் கையெழுத்தான துணை ஒப்பந்தத்தை மூடி வைப்பது யாரிடமிருந்து யாரைக் காப்பாற்ற?