கம்பியைக் கழற்றலாம், நிறத்தை?

'யோ சோய் பெட்டி, லா ஃபேயா' தொடரை இரண்டாவது முறையாகப் பார்த்து முடித்தேன். 'நான்தான் பெட்டி, அழகில்லாதவள்' என்று பொருள். 1999 முதல் 2001 வரை கொலம்பியாவில் ஓடிய டெலிநாவெலா, அதாவது லத்தீன் அமெரிக்கத் தொலைக்காட்சி நெடுந்தொடர்; எழுதியவர் ஃபெர்னாண்டோ கைத்தான். 2003இல் சோனியில் இந்தியில் வந்த 'ஜஸ்ஸி'யின் மூலக்கதை இதுதான்.

"அழகில்லாத பெண் கடைசியில் அழகாகி நாயகனைக் கைப்பிடிக்கிறாள், இதில் என்ன புதுமை?" என்று கேட்பவர்கள் உண்டு. கேட்டாலே எனக்குக் கோபம் வரும். கதை அப்படிப் போகவே இல்லை.

பெட்டி பொருளாதாரம் படித்தவள், நிதியில் மேற்படிப்பும் உண்டு. பொகோட்டாவில் ஒரு ஆடை நிறுவனத்துக்குச் செயலாளர் வேலை கேட்டு வருகிறாள். கூடவே பொன்னிறக் கூந்தலோடு பத்ரீசியா வருகிறாள், ஆறு செமஸ்டரோடு படிப்பை விட்டவள். இருவருக்கும் வேலை கிடைக்கிறது. பத்ரீசியாவுக்கு வெளியே, எல்லார் கண்ணிலும் படுகிற மேசை. பெட்டிக்கோ முதலாளியின் அறைக்குள்ளேயே சாமான் போட்டு வைக்கிற இருட்டு அறை. கம்பெனிக் கணக்கு முழுக்க அங்கிருந்துதான் ஓடுகிறது. அந்தக் கதவு திறக்கும்போதெல்லாம் எனக்கு நெஞ்சை அடைக்கும்.

கம்பெனி கடனில் மூழ்க, அது பெட்டியின் கைக்குள் வந்துவிடுகிறது. அவள் அதைத் தனக்கே வைத்துக்கொள்ளாமல் இருக்கக் காதலிப்பதுபோல் நடி என்று முதலாளி ஆர்மாண்டோவுக்கு நண்பன் யோசனை சொல்கிறான். நடிக்கப் போனவன் நிஜமாகவே காதலில் விழுகிறான். எப்போது? அவள் பல்லில் கம்பியும், கனத்த கண்ணாடியும், உதட்டின் மேல் பூனைமுடியும் இருக்கும்போதே. இந்த நடிப்பைப் பற்றி நண்பன் ஆர்மாண்டோவுக்கு எழுதிய கடிதம் அவள் கையில் கிடைத்து, உடைந்துபோய் கார்த்தஹேனா என்ற கடற்கரை நகரத்துக்குக் கிளம்பிய பிறகுதான் அவள் தோற்றம் மாறுகிறது. திரும்பி வந்து நிறுவனத் தலைவர் நாற்காலியில் உட்காருகிறாள். அந்த நாற்காலி அவள் போட்ட கணக்கால் வந்தது, முகத்தால் அல்ல.

ஆனாலும் ஒன்று உறுத்திக்கொண்டே இருக்கிறது. பெட்டியாக நடித்த அனா மரியா ஒரோஸ்கோ இயல்பிலேயே லட்சணமானவர். அந்த 'அழகின்மை' மொத்தமும் மேக்கப். கம்பியைக் கழற்றலாம், கண்ணாடியை மாற்றலாம். நிறத்தை என்ன செய்வது?

பக்கத்து நாடான பிரேசிலைப் பாருங்கள். 1976இல் அங்கே வந்து, பிறகு உலகமெல்லாம் பார்த்து அழுத 'இசௌரா' தொடர் ஓர் அடிமைப் பெண்ணின் கதை. அந்த அடிமையும் வெள்ளைத் தோலோடு இருந்தால்தான் பார்ப்பவர்களுக்கு இரக்கம் வரும் என்று நினைத்திருக்கிறார்கள் போல! இருபது வருடம் கழித்து, 1996இல் 'ஷிக்கா தா சில்வா' தொடரில் தாயீஸ் அராவுஜோ நாயகியானார். கறுப்பினப் பெண், அப்போது பதின்வயது. 2004இல் குளோபோ தொலைக்காட்சியில் மறுபடி நாயகி. அந்தத் தொடருக்கு வைத்த பெயர் 'பாவத்தின் நிறம்'. நாயகி இடத்தைக் கொடுத்துவிட்டு, அவள் தோலைப் பாவம் என்று தலைப்பிலேயே எழுதினார்கள்.

2009இல் 'விவேர் ஆ வீதா' தொடரில் தாயீஸ்தான் ஹெலெனா, புகழ்பெற்ற மாடல். எல்லாரும் அழகி என்று ஒப்புக்கொள்கிற பெண். அந்த ஹெலெனா, கணவனின் முன்னாள் மனைவி முன்னால் மண்டியிட்டு மன்னிப்புக் கேட்டு, கன்னத்தில் அறை வாங்குகிறாள். அது ஒளிபரப்பானது நவம்பரில், பிரேசிலில் கறுப்பின விழிப்புணர்வு நாள் வருகிற மாதத்தில். கறுப்பின மக்களிடமிருந்து கடுமையான எதிர்ப்பு எழுந்தது.

நான் அந்தக் காட்சியை முழுதாகப் பார்க்கவில்லை. அவள் முழங்கால் தரையைத் தொட்டதும் நிறுத்திவிட்டேன்.