கேமரா அப்புறம், முதலில் விலங்கு

நல்ல கேமரா ஒன்று வாங்கிவிட்டால் காட்டுயிர் ஆவணப்பட ஒளிப்பதிவில் இறங்கிவிடலாம் என்கிற தொனியில், இந்தத் தொழிலைப் பற்றி நான் படித்த ஒரு கட்டுரை போகிறது. எனக்கு அதில் உடன்பாடில்லை.

இந்தத் துறையில் பெயர் பெற்ற டக் ஆலன் படித்தது கடல் உயிரியல். அண்டார்டிக் ஆய்வு நிலையத்தில் முக்குளிப்பவராக இருந்தவர், 1981இல் அங்கு வந்த, இயற்கை ஆவணப்படங்களுக்குப் பேர்போன டேவிட் அட்டன்பரோவின் படக்குழுவைச் சந்தித்த பிறகுதான் இந்தப் பக்கம் திரும்பினார். பனியும் கடலும் அவருக்கு ஏற்கெனவே பழகியிருந்தன.

சிறுத்தை பாய்ந்த பிறகு பொத்தானை அழுத்தி என்ன பயன்? அதற்கென்றே, அழுத்துவதற்குச் சில விநாடிகள் முந்தைய காட்சியையும் சேர்த்துச் சேமிக்கும் வசதி சில கேமராக்களில் உண்டு. ஆனால் அந்த நேரத்தில் லென்ஸ் சரியான பக்கம் திரும்பியிருக்க வேண்டுமே! காது மடங்குவதையும் நடை மாறுவதையும் பார்த்தே அடுத்து நடக்கப்போவதை ஊகிக்கிறவருக்குத்தான் காட்சி கிடைக்கும்.

வருமானம் பற்றிக் கட்டுரையில் ஒரு வரிகூட இல்லை. காட்டுயிர் ஒளிப்பதிவாளர்களில் பெரும்பாலோர் ஃப்ரீலான்ஸ்தான், நாள் கணக்கில் ஊதியம். படப்பிடிப்பு இல்லாத மாதத்தில் ஒன்றும் வராது. செலவு வேறு: தூரத்து விலங்கைக் கிட்டத்தில் காட்ட, 50 முதல் 1000 மி.மீ. வரை ஜூம் ஆகும் கேனான் சினிமா லென்ஸ் இருக்கிறது. அதன் விலையைக் கேட்டால் வாடகைக்கு எடுப்பதே மேல் என்று தோன்றும்.

ஆரம்பிக்கிறவர்கள் புலியைத் தேடி ஓட வேண்டாம். எறும்பு, குளவி, சிலந்தி போதும். ஒரு குளவி கூடு கட்டுவதைத் தொடக்கம் முதல் முடிவு வரை பல கோணங்களில் எடுத்துத் தொகுத்துக் காட்டினால், தயாரிப்பாளர் உட்கார்ந்து பார்ப்பார்.