விட்டுப் பிடித்தல்

சென்ற வாரம் பினாங்கின் பாயான் லெப்பாஸில் இரவு ஷிஃப்ட் முடிந்து, 'மாமாக்' எனப்படும் தமிழ் முஸ்லிம் உணவுக்கடையில் உட்கார்ந்திருந்தபோது, என்னுடன் பல ஆண்டுகளாக வேலை செய்யும் நண்பர் ஒருவர், ஸ்டார்டியூ வேலி விளையாட்டைத் தம் கணினியிலிருந்து நீக்கிவிட்டதாகச் சொன்னார். பயிரிடுவதும் மாடு வளர்ப்பதும் சுரங்கத்தில் இறங்குவதும் அவருக்குப் பிடித்திருந்தன. மீன்பிடிக்கும் பகுதி மட்டும் அவரை விரட்டிவிட்டது. "46 வயசுல இதுக்கு ரிஃப்ளெக்ஸ் எங்கேருந்துண்ணே வரும்?" என்று கேட்டார். அவருடைய பேருந்து வந்துவிட்டதால் அன்று முழுமையாகப் பதில் சொல்ல முடியவில்லை. எனக்கு இப்போது 51. அதே இடத்தில் இரண்டு மாதம் தோற்றுக்கொண்டிருந்தவன் என்ற முறையில், அவருக்கும் அவரைப் போல் பாதியில் விட்டுவிட்டவர்களுக்கும் சேர்த்தே இதை எழுதுகிறேன். மீன்பிடிக்கும் அந்த மினி விளையாட்டுக்கு வேண்டியது கைவேகம் என்று எல்லாரும் சொல்லிச் சொல்லியே பலரை விலக்கி வைத்திருக்கிறார்கள் என்பது என் உறுதியான கருத்து.

தெரியாதவர்களுக்காகச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். எரிக் பரோன் என்ற ஒரே மனிதர் நிரல், ஓவியம், இசை அனைத்தையும் தாமே செய்து 2016 பிப்ரவரி 26 அன்று வெளியிட்ட விளையாட்டு இது. தாத்தா விட்டுச்சென்ற தோட்டத்தில் குடியேறி, ஊர் மக்களோடு பழகி, மெதுவாக வாழ்வதுதான் இதன் சாரம். வசந்தத்தின் இரண்டாம் நாள் வில்லி என்ற மீனவர் கடற்கரைக்கு அழைத்து மூங்கில் தூண்டிலைக் கையில் கொடுக்கிறார். மீன் கடித்ததும் திரையில் செங்குத்தான ஒரு குழாய் தோன்றும். அதற்குள் மீன் மேலும் கீழும் ஓடும். ஒரு பச்சைப் பட்டையை அந்த மீனின் மேலேயே வைத்திருக்க வேண்டும். பொத்தானை அழுத்தினால் பட்டை ஏறும், விட்டால் இறங்கும். மீன் பட்டைக்குள் இருக்கும்வரை பக்கத்திலுள்ள அளவுகோல் நிரம்பும், வெளியேறினால் வடியும். முழுவதும் வடிந்துவிட்டால் மீன் போய்விட்டது.

இதில் முதலில் புரிந்துகொள்ள வேண்டிய செய்தி, பொத்தான் எதைக் கட்டுப்படுத்துகிறது என்பதுதான். பட்டையின் இடத்தை அது கட்டுப்படுத்துகிறது என்று நம் கை தானாகவே நம்பிவிடுகிறது. லிஃப்டில் பொத்தானை அழுத்தினால் மாடி வருவதைப் போல. உண்மையில் பொத்தான் மாற்றுவது பட்டையின் வேகத்தை. அழுத்தியிருக்கும் ஒவ்வொரு கணமும் மேல்நோக்கிய வேகம் கூடிக்கொண்டே போகிறது. எனவே விரலை எடுத்த பிறகும் பட்டை உடனே நிற்காது. சேர்த்து வைத்த வேகம் கரையும்வரை ஏறிக்கொண்டுதான் இருக்கும். இறங்கும்போதும் இதே கணக்குதான். உயரத்திலிருந்து சுதந்திரமாக விழுந்த பட்டை தரையில் மோதிப் பந்துபோல் துள்ளி எழும்; மீன் அடியிலேயே பதுங்கியிருக்கும்போது அந்தத் துள்ளல்தான் அதைத் தப்பவிடுகிறது. இதை அறியாமல் நான் முதல் சில வாரங்கள், மீன் மேலே போனால் முழுப் பலத்தோடு அழுத்துவதும், தாண்டிப் போய்விட்டால் அப்படியே கைவிடுவதுமாக இருந்தேன். பட்டை ஊஞ்சல்போல் ஆடியது. மீன் நடுவில் சும்மா நின்றிருந்தது.

கைவேகம் எனக்கு அப்போது குறைவாக இருந்ததா என்றால், இல்லை. கண்ணால் ஒன்றைக் கண்டு விரலை அசைப்பதற்கு நல்ல உடல்நிலையிலுள்ள எவருக்கும் ஏறத்தாழ 200 முதல் 250 மில்லிவினாடி ஆகிறது. வயது ஏற ஏற இது சிறிது கூடும் என்பது உண்மைதான். ஆனால் இளைஞருக்கும் நமக்கும் உள்ள அந்தச் சிறு வேறுபாட்டைவிட, தேவையில்லாமல் பொத்தானை அழுத்திப் பிடித்துச் சேர்த்துக்கொள்ளும் வேகத்தைக் கரைக்க ஆகும் நேரம் மிக அதிகம். நண்பர் தோற்றது அந்த இரண்டாவது நேரத்தில்தான்.

இதை எனக்குக் காட்டியவள் அண்ணன் மகள். கோலாலம்பூரில் படிக்கிறாள், தீபாவளி விடுமுறைக்குப் பினாங்கு வந்திருந்தபோது நான் விளையாடுவதைப் பின்னால் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள். கெளுத்தி மீன் நான்காவது முறையாகத் தப்பியபோது, "சித்தப்பா, நீங்க விடவே மாட்டேங்கறீங்க. பிடிச்சுக்கிட்டே இருக்கீங்க. தட்டித் தட்டி விடுங்க" என்றாள். கன்ட்ரோலரை வாங்கி, மீனே இல்லாததுபோல் பட்டையை மட்டும் ஓர் இடத்தில் மிதக்கவைத்துக் காட்டினாள். அவள் விரல் பொத்தானின் மேல் மழைத்துளிபோல் சீராக விழுந்து எழுந்துகொண்டிருந்தது. அழுத்தும் நேரமும் விடும் நேரமும் ஒன்றையொன்று ஈடுசெய்ததால் பட்டை ஏறவுமில்லை, இறங்கவுமில்லை. மீன் தப்பிப் போனது. அவள் அதைப் பொருட்படுத்தவேயில்லை. "மொத இத செய்யுங்க, மீன அப்புறம் பாத்துக்கலாம்" என்றாள்.

அந்த நொடியில் என் அப்பாவின் நினைவு வந்ததைச் சொல்லாமல் இருக்க முடியாது. துறைமுகத்தில் வேலை பார்த்த அவர், விடுமுறை நாள்களில் என்னைப் பத்து மாவுங் என்ற ஊர்ப் பக்கம் தூண்டில் போட அழைத்துச் செல்வார். பெரிய மீன் ஒன்று கடித்துவிட்டால் நான் பதறிப்போய் நூலைச் சுற்றிக்கொண்டே இருப்பேன், நூல் அறுந்துபோகும். "விட்டுப் புடிடா" என்பார். மீன் இழுக்கும்போது நூலைக் கொடுக்க வேண்டும், அது ஓயும்போது சுற்ற வேண்டும். நாற்பது ஆண்டுகளுக்கு முன்பு கையில் கற்ற பாடத்தை, ஒரு திரைக்கு முன்னால் உட்கார்ந்தவுடன் நான் முற்றிலும் மறந்திருந்தேன்.

அடுத்த ஒரு வாரம் மிதக்கவைப்பதை மட்டும்தான் பழகினேன். மீன் பிடிபட்டால் மகிழ்ச்சி, இல்லையென்றால் கவலையில்லை என்று முடிவு செய்துகொண்டேன். இந்த முடிவு எளிதன்று. ஒவ்வொரு முறை தூண்டில் வீசும்போதும் ஏறத்தாழ 8 ஆற்றல் போகிறது, தொடக்கத்தில் நம்மிடம் இருப்பதோ 270. அதோடு, அளவுகோல் நிரம்புவதைவிட ஒன்றரை மடங்கு வேகத்தில் வடிகிறது. இரண்டு வினாடி தவறினால் அதை மீட்க மூன்று வினாடி பிடித்திருக்க வேண்டும். இந்தக் கணக்குதான் மனிதரைப் பதறவைக்கிறது. பதற்றம் விரலை இறுக்குகிறது. இறுகிய விரல் விடுவதில்லை. தோற்கத் தயாராக உட்கார்ந்த அந்த வாரத்தில்தான் என் விரல் தளர்ந்தது.

எங்கே பழகுவது என்பதிலும் பெரும்பாலோர் ஏமாந்துபோகிறார்கள். விளையாட்டின் அமைப்பே அதற்குக் காரணம். வில்லி தூண்டிலைக் கொடுக்கும் இடம் கடற்கரை. எனவே புதியவர்கள் அங்கேயே நின்று வீசத் தொடங்குகிறார்கள். வசந்தத்தில் அந்தக் கடலில் அதிகம் கடிப்பவை நெத்திலி, மத்தி, ஹெர்ரிங். மூன்றும் எண்ணளவில் எளியவைதாம்; விளையாட்டு ஒவ்வொரு மீனுக்கும் வைத்திருக்கும் கடின எண் இவற்றுக்கு 25 முதல் 30 வரைதான். ஆனால் மூன்றும் திடீரென்று பாயும் வகையைச் சேர்ந்தவை. பட்டையைப் பிடிக்கக்கூடத் தெரியாதவருக்கு இதைவிடக் குழப்பமான ஆசிரியர் இருக்க முடியாது. மலையேரிக்குப் போனால் கெண்டை கிடைக்கும்; அதன் கடினம் வெறும் 15, பெரும்பாலும் ஓரிடத்திலேயே அசைந்துகொண்டிருக்கும். முதல் வாரத்தை அந்த ஏரிக்கரையில் கழிக்குமாறு நான் யாருக்கும் அடித்துச் சொல்வேன்.

தூண்டிலும் அப்படித்தான். வில்லியின் கடையில் விளையாட்டுப் பணம் 25 காசுக்கு ஒரு பயிற்சித் தூண்டில் இருக்கிறது. எளிய மீன்கள் மட்டுமே அதில் மாட்டும், தரமும் சாதாரணமாகவே இருக்கும் என்பதால் பலர் அதைக் கௌரவக் குறைவாக நினைத்து ஒதுக்கிவிடுகிறார்கள். ஆனால் மீன்பிடித் திறனில் ஐந்தாம் நிலையில் இருப்பவருக்குக் கிடைக்கும் அகலமான பச்சைப் பட்டை, அதைக் கையில் எடுத்தால் முதல் நாளே கிடைக்கிறது. பட்டையின் உயரம் தொடக்கத்தில் 96 திரைப்புள்ளிகள். ஒவ்வொரு நிலைக்கும் 8 கூடி, பத்தாம் நிலையில் 176 ஆகிறது. அதாவது ஒன்றும் அறியாதவருக்கு மிகச் சிறிய பட்டையையும், எல்லாம் அறிந்தவருக்கு ஏறக்குறைய இரு மடங்குப் பட்டையையும் இந்த விளையாட்டு கொடுக்கிறது. பரோனின் உழைப்பின்மீது எனக்குப் பெருமதிப்பு உண்டு. ஆனால் இந்த வரிசை தவறானது என்றே கருதுகிறேன். தரையில் துள்ளாமல் காக்கும் ஈயத் துணைக்கருவி 200 காசுதான். ஆனால் அதை மாட்டக்கூடிய இரிடியம் தூண்டிலுக்கு 7,500 காசும் ஆறாம் நிலையும் வேண்டும். துள்ளலால் தவிப்பவர் ஆறாம் நிலைக்கு வரும்முன்பே விளையாட்டை நீக்கிவிடுகிறார், என் நண்பரைப் போல. அதுவரை தரையைத் தொடும் தருணத்துக்குச் சற்று முன்னால் ஒரு சிறு தட்டுத் தட்டினால் போதும், பட்டை மெதுவாக இறங்கி அமரும். இதையும் தனியாகப் பழக வேண்டும்.

மிதக்கவைப்பது கைவந்த பிறகு, மீனைப் பார்க்கத் தொடங்கலாம். ஒவ்வொரு மீனுக்கும் ஒரு குணம் உண்டு. சூரையும் விலாங்கும் நிதானமாக வழுக்கிச் செல்லும். அவற்றின் கடினம் 70 என்றாலும் தொடர்வது அவ்வளவு துன்பமில்லை. கணவாய் கீழ்நோக்கி விரைந்து அமிழும். பேத்தை மீன் மேல்நோக்கி எழும்பும். கெளுத்தி இவற்றில் எதிலும் அடங்காத கலப்பு வகை, கடினம் 75. மழை நாளில் ஆற்றில் கிடைக்கும். மீன் எந்தப் பக்கம் போக விரும்பும் என்று முன்னமே தெரிந்திருந்தால், கண்டபின் அசையும் 250 மில்லிவினாடிக்கு வேலையே குறைந்துவிடுகிறது. பேத்தைக்கு நான் பட்டையைச் சற்று மேலேயே வைத்துக் காத்திருப்பேன். பாயும் மீன்களைத் துரத்துவதை அடியோடு நிறுத்திவிட்டேன். அவை பாய்ந்த வேகத்தில் திரும்பியும் வரும் என்பதால், நடுவில் நின்று ஒரு கணம் பொறுப்பது துரத்துவதைவிடப் பல முறை பயன் தந்திருக்கிறது.

இன்னொன்றையும் நண்பரிடம் கேட்க வேண்டும்: அவர் எந்தத் திரையில் விளையாடினார்? நான் முதலில் வரவேற்பறைத் தொலைக்காட்சியில் விளையாடினேன். பல தொலைக்காட்சிகள் படத்தை மெருகேற்றிக் காட்டுவதற்காக ஒவ்வொரு காட்சியையும் சிறிது தாமதித்தே காட்டுகின்றன. சிலவற்றில் அந்தத் தாமதம் 100 மில்லிவினாடியைத் தாண்டும். படம் பார்க்கையில் அது தெரியாது. தூண்டிலில் அதுவே மீனைத் தப்பவிட்டுவிடும். தொலைக்காட்சியின் அமைப்புகளில் கேம் மோட் (game mode) என்பதைத் திறந்துவிட்ட அன்றே வேறுபாட்டை உணர்ந்தேன். தம் வயதைக் குற்றம் சொல்லும் பலர் உண்மையில் தம் தொலைக்காட்சியைத்தான் குற்றம் சொல்ல வேண்டும்.

எவ்வளவு நேரம் பழகுவது என்பதில் என் அனுபவம் தெளிவானது. இரவு ஷிஃப்ட் முடித்து வந்து இரண்டு மணி நேரம் விடாமல் போராடிய நாள்களில் கடைசி அரைமணி நேரம் முதல் அரைமணி நேரத்தைவிட மோசமாகவே இருந்தது. இப்போது இருபது நிமிடம் விளையாடிவிட்டு எழுந்துவிடுகிறேன். முந்தின நாள் வராத ஒன்று, தூங்கி எழுந்த மறுநாள் கையில் தானாக அமர்ந்திருப்பதைப் பல முறை கண்டிருக்கிறேன். உடலால் செய்யும் வேலைகளைத் தூக்கத்தில்தான் மூளை உறுதிப்படுத்திக்கொள்கிறது. மிருதங்கம் பயில்பவர்களும் இதையே சொல்வார்கள்.

"இவ்வளவு ஏன், மோட் (mod, விளையாட்டை மாற்ற ரசிகர்கள் எழுதிய நிரல்) போட்டுக்கொண்டால் மினி விளையாட்டையே தவிர்த்துவிடலாமே" என்று சிலர் அறிவுரை சொல்கிறார்கள். கைநடுக்கம் உள்ளவர்கள், மூட்டுவலி உள்ளவர்கள், ஒரு கையால் விளையாடுகிறவர்கள் அவற்றைத் தயங்காமல் பயன்படுத்த வேண்டும். அவர்களைக் குறைத்துப் பேசுவதை நான் ஒருபோதும் ஏற்கமாட்டேன். ஆனால், முடியும் என்ற நிலையிலிருக்கும் ஒருவரிடம், அவர் ஏன் தோற்கிறார் என்று பார்க்காமலேயே மோட்டைக் காட்டுவது, "உன்னால் ஆகாது" என்று சொல்வதற்குச் சமம். நம்மவர்களில் ஐம்பதை நெருங்கும் பலர் நீச்சலையும் கார் ஓட்டுவதையும் கணினியையும் இந்த ஒரே சொல்லால் கைவிட்டிருப்பதைப் பார்த்தவன் நான். அதனால்தான் ஒரு சிறு விளையாட்டைப் பற்றி இத்தனை அழுத்தமாக எழுதுகிறேன்.

கெளுத்தியை நான் முதன்முதலில் பிடித்தது, தண்ணீர்மலைப் பக்கமிருந்து நிஜ மழையும் இறங்கிக்கொண்டிருந்த ஒரு மாலையில். வசந்தகால மழையில் மலையேரியில் வரும் லெஜண்ட் மீனையும் சென்ற மாதம் பிடித்துவிட்டேன். அதன் கடினம் 110. அதற்கு முன்னால் கடல்நுரை புட்டிங் (Seafoam Pudding) சமைத்துச் சாப்பிட்டு மீன்பிடித் திறனில் 4 நிலை கூட்டிக்கொண்டேன் என்பதையும் மறைக்கவில்லை. விளையாட்டு தரும் உதவியை வாங்கிக்கொள்வதும் கற்பதில் சேர்ந்ததுதான். ஆக்டோபஸ் மட்டும் இன்னும் கைக்கு வரவில்லை. கோடையில், காலை 6 மணியிலிருந்து பகல் 1 மணிக்குள் மட்டும் கடலில் வரும், கடினம் 95, கீழ்நோக்கி அமிழும் வகை. அதற்காக இப்போது தரையை ஒட்டிப் பட்டையை மிதக்கவைப்பதைப் பழகிக்கொண்டிருக்கிறேன்.

நண்பர் நேற்றிரவு விளையாட்டை மறுபடியும் பதிவிறக்கம் செய்ததாகத் தகவல் அனுப்பியிருந்தார். 25 காசுத் தூண்டிலை வாங்கிக்கொண்டு மலையேரிக்குப் போகுமாறும், ஞாயிற்றுக்கிழமை நான் வீட்டுக்கு வரும்வரை கெளுத்தியின் பக்கம் திரும்ப வேண்டாம் என்றும் பதில் எழுதியிருக்கிறேன்.