டீகம்பைலர் முதலில் மாணவர் கைக்கு வரவேண்டும்

ரிவர்ஸ் இன்ஜினியரிங், அதாவது சோர்ஸ் கோடு இல்லாத ஒரு ப்ரோக்ராமைப் பிரித்து அது எப்படி வேலை செய்கிறது என்று பார்ப்பது, கற்க எதில் தொடங்கலாம் என்று கேட்கிற எல்லோருக்கும் கீட்ரா என்ற இலவசக் கருவியைத்தான் சொல்கிறேன். இதே வேலைக்கான பழைய கருவி ஐடிஏ மீது மரியாதை இல்லாமல் இல்லை. இல்ஃபாக் கில்ஃபானோவ் டாஸ் காலத்தில் எழுதத் தொடங்கிய அந்த டிஸ்அசெம்ப்ளர்தான் (மெஷின் கோடை அசெம்ப்ளி, அதாவது ப்ராசசர் கட்டளைகளின் வரிகளாக, மாற்றிக் காட்டுவது) இந்தத் துறைக்குப் பாதை போட்டது. 2007இல் அதற்கு ஹெக்ஸ்-ரேஸ் டீகம்பைலர் வந்தது. எஃப்5 தட்டினால் போதும், பக்கம் பக்கமாக ஓடும் அசெம்ப்ளி சி மொழி மாதிரி சில வரிகளாகச் சுருங்கிவிடும்.

அந்த எஃப்5தான் காசுள்ளவர்களுக்கு மட்டும் என்று இருந்தது. ப்ரோ பதிப்புக்கு ஒரு விலை, டீகம்பைலருக்குத் தனி விலை. இலவசப் பதிப்பு பல வருடம் 5.0இலேயே நின்றது, டீகம்பைலரும் கிடையாது, 64 பிட் ப்ரோக்ராம்களுக்கு ஆதரவும் கிடையாது. நான் படித்தது அதில்தான். நோட்டில் ரெஜிஸ்டர்களுக்கு (ப்ராசசருக்குள் மதிப்புகளை வைக்கும் சிறு இடங்கள்) கட்டம் போட்டு, ஒவ்வொரு வரிக்கும் மதிப்பை எழுதி, அழித்து, மறுபடி எழுதி, ஓர் இரவு முழுக்கப் போராடி ஒரு லூப்பைப் புரிந்துகொண்டேன். ஒவ்வொரு பைட்டையும் ஒரே எண்ணோடு எக்ஸ்-ஆர் (பிட்டுக்குப் பிட் செய்யும் ஒரு எளிய கணக்கு) செய்கிறது, அவ்வளவுதான்! இதைப் பயிற்சி என்று இன்றும் சிலர் பெருமையாகச் சொல்வார்கள். அந்த இரவோடு விட்டுப்போனவர்கள் எத்தனை பேர் என்று நினைத்தால் எனக்கு ஆற்றாமையாக இருக்கிறது.

2019 மார்ச்சில் அமெரிக்காவின் என்எஸ்ஏ கீட்ராவை வெளியிட்டது. உளவு அமைப்பின் கருவியா என்று பலர் தயங்கினார்கள்; சோர்ஸ் கோடும் திறந்துவிடப்பட்டதால் சந்தேகப்பட்டவர்கள் தாங்களே படித்துப் பார்க்க முடிந்தது. டீகம்பைலர், பல ப்ராசசர்களுக்கான ஆதரவு, அன்டூ எல்லாம் முதல் நாளே இலவசம். ஐடிஏவுக்கு அன்டூ வந்ததே அதே வருடம், 7.3 பதிப்பில்தான். பிறகு ஐடிஏவின் இலவசப் பதிப்பிலும் கிளவுட் வழியாக டீகம்பைலர் வந்தது, பொழுதுபோக்காகப் பழகுபவர்களுக்கு ஹோம் பதிப்பு வந்தது. போட்டி இல்லாமல் இது நடந்திருக்கும் என்று நான் நம்பவில்லை.

டீகம்பைலர் கொடுத்தால் அசெம்ப்ளியே மறந்துபோகும் என்கிறார்கள். கீட்ராவில் சி வரியைக் கிளிக் செய்தால் பக்கத்திலேயே அதற்குரிய அசெம்ப்ளி வரி ஒளிரும். ஒரு இஃப் நிபந்தனை இடித்தால் அந்த அசெம்ப்ளி வரியில் உள்ள கட்டளையைப் பாருங்கள்: ஜேஎல் என்றால் மைனஸ் எண்ணையும் கணக்கில் எடுக்கும் ஒப்பீடு, ஜேபி என்றால் எடுக்காதது. எண்ணின் டைப்பை, அதாவது அது மைனஸாக இருக்கலாமா என்பதை, டீகம்பைலர் தவறாக ஊகித்திருந்தால் அங்கேயே பிடிபடும். அந்த வித்தியாசம் நோட்டில் எனக்குப் பிடிபட ஒரு வாரம் ஆனது.