மூன்று இயக்குநர்கள், ஒரே பேட்டை, ஒரே எழுத்தாளர்

ஒரு படம் பிடித்துப்போனால் உடனே இயக்குநர் யார் என்று தேடுகிறோம். எழுதியவர் பெயர் டைட்டிலில் ஓடி மறைந்துவிடும். எனக்கு இதில் ரொம்ப நாளாகவே கோபம் உண்டு. ஜெர்மன் திரைக்கதை எழுத்தாளர் வொல்ஃப்காங் கோல்ஹாசே எழுதிய படங்களைப் பார்த்தபின் அது இன்னும் கூடிவிட்டது.

1931-ல் பெர்லினில் பிறந்தவர், போர் முடிந்தபோது வயது 14. இளைஞர் பத்திரிகையில் எழுதத் தொடங்கி, கிழக்கு ஜெர்மனியின் அரசு ஸ்டூடியோவான டெஃபாவுக்குப் போனார். இயக்குநர் கெர்ஹார்ட் க்ளைனோடு சேர்ந்து 1957-ல் 'பெர்லின் - ஷோன்ஹவுசர் முனை' செய்தார். ரயில் பாலத்துக்கு அடியில் வேலைவெட்டி இல்லாமல் நிற்கும் பிள்ளைகள்தான் கதை. தெருமுனையில் நின்றால் ரவுடி, பூகி நடனம் ஆடினால் அமெரிக்கக்காரன், சட்டையை வெளியே விட்டால் அரசியல் தப்பு, நான் என்னதான் செய்வது என்று நொந்துகொள்கிறான் ஒருவன். உழைக்கும் வீரர்களைத் திரையில் எதிர்பார்த்த அதிகாரிகளுக்கு இது கசந்தது, மக்களோ கூட்டம் கூட்டமாக வந்து பார்த்தார்கள்.

அப்புறம் 1965 டிசம்பர். நாட்டை ஆண்ட கட்சியின் மத்தியக் குழு கூடி முடிந்த கையோடு, டெஃபாவின் அந்த ஆண்டுப் படங்களில் பெரும்பகுதி முடக்கப்பட்டது. க்ளைனும் இவரும் செய்துகொண்டிருந்த அடுத்த பெர்லின் படம் முழுதாக முடிவதற்குள்ளேயே நிறுத்தப்பட்டது. 1970-ல் க்ளைன் இறந்துபோனார். படம் முறையாகத் திரைக்கு வந்ததோ 1990-ல், பெர்லின் சுவர் விழுந்த பிறகு. இருபத்தைந்து வருடம்! கூட உட்கார்ந்து எழுதிய நண்பன் இல்லாத அரங்கில் அந்தப் படத்தைப் பார்ப்பது எப்படி இருந்திருக்கும் என்று நினைத்தாலே எனக்கு நெஞ்சு அடைக்கிறது.

ஆனால் கோல்ஹாசே ஊரை விட்டுப் போகவில்லை, எழுதுவதையும் விடவில்லை. ஹிட்லருக்குத் தப்பி மாஸ்கோவில் வளர்ந்து, செஞ்சேனை அதிகாரியாகப் பிறந்த நாட்டுக்கே திரும்பி வந்த இயக்குநர் கொன்ராட் வோல்ஃபின் சொந்த அனுபவத்தை வைத்து இருவரும் எழுதிய 'எனக்குப் பத்தொன்பது வயது' 1968-ல் வந்தது. அதே வோல்ஃபோடு 1980-ல் 'ஸோலோ சன்னி'. இரவு தங்கியவனிடம் காலையில் பாடகி சன்னி சொல்வது இரண்டே விஷயம்: காலைச் சாப்பாடு கிடையாது, அதைப் பற்றிப் பேச்சும் கிடையாது. அவள் யார், எதற்கெல்லாம் வளைந்துகொடுக்க மாட்டாள் என்பது அதிலேயே விளங்கிவிடுகிறது. நடித்த ரெனாடே க்ரோஸ்னருக்கு பெர்லின் திரைப்பட விழாவில் வெள்ளிக் கரடி விருது கிடைத்தது, அந்த வாய்மொழியை எழுதிக் கொடுத்தவரை எத்தனை பேர் நினைத்தார்கள்? பெர்லின் விழா அவருக்குக் கௌரவத் தங்கக் கரடி கொடுத்தது 2010-ல், அப்போது அவருக்கு 78 வயது.

அதற்கு ஐந்து வருடம் முன்பு இயக்குநர் ஆந்த்ரேயாஸ் டிரேசனுக்காக 'பால்கனி முன்னே கோடை' எழுதியிருந்தார். வேலையில்லாத ஒரு தாயும், வீடு வீடாகப் போய் முதியவர்களைப் பார்த்துக்கொள்ளும் அவளுடைய தோழியும் ராத்திரி பால்கனியில் உட்கார்ந்து குடிக்கிறார்கள். கீழே இருப்பது பெர்லினின் அதே பிரென்ஸ்லவர் பெர்க். 1957-ல் பையன்கள் நின்ற பேட்டை, 1980-ல் சன்னி குடியிருந்த பேட்டை. இடையில் சுவர் எழுந்து விழுந்தது, ஒரு நாடே இல்லாமல் போனது, இயக்குநர்களும் மாறிவிட்டார்கள். அந்தத் தெரு மனிதர்கள் பேசுகிற பேச்சு மட்டும் மாறவே இல்லை, ஏனென்றால் அதை எழுதிய கை ஒன்றுதான். 2022-ல் அவர் போய்விட்டார். இந்த மூன்று படங்களையும் வரிசையாகப் பாருங்கள், சன்னியிலிருந்து தொடங்கினாலும் சரி.