பாஸ்டீல் விழுந்த அன்றே மன்னராட்சி ஒழிந்ததா?

ஜூலை 14 வந்தால் வாட்ஸ்அப்பில் ஒரு பதிவு சுற்றத் தொடங்கிவிடும்: “1789-ல் இதே நாளில் பாரிஸ் மக்கள் பாஸ்டீல் சிறையை உடைத்து நூற்றுக்கணக்கான அரசியல் கைதிகளை மீட்டார்கள், பிரான்சில் மன்னராட்சி அன்றே ஒழிந்தது.” இரண்டுமே தவறு.

அன்று உள்ளே இருந்தவர்கள் 7 பேர். நால்வர் மோசடிக்காரர்கள், இருவர் மனநிலை பாதிக்கப்பட்டவர்கள், மற்றவர் சொந்தக் குடும்பமே சொல்லி அடைத்துவைத்த ஒரு பிரபு. கூட்டம் முதலில் கைதிகளைத் தேடி வரவும் இல்லை. காலையில்தான் முன்னாள் படைவீரர்களுக்கான இன்வாலித் மாளிகையில் ஆயிரக்கணக்கான துப்பாக்கிகளை அள்ளியிருந்தார்கள். சுட வெடிமருந்து இல்லை. அது பாஸ்டீலில் பீப்பாய் பீப்பாயாகக் கிடந்தது. அதற்காக மக்களின் ஆத்திரம் பொய்யல்ல. மன்னரின் முத்திரைக் கடிதம் ஒன்று போதும், விசாரணையே இல்லாமல் ஆளை அங்கே அடைத்துவிடலாம்.

16-ஆம் லூயி அதற்குப் பிறகும் மூன்று ஆண்டுகள் அரியணையில் இருந்தார். 1791 அரசியலமைப்பு அவரைச் சட்டத்துக்குக் கட்டுப்பட்ட மன்னராக்கியது. அதே ஆண்டு ஜூனில் குடும்பத்தோடு தப்பியோடி வரென் என்ற சிற்றூரில் பிடிபட்டார். பெயர் கெட்டது அங்கேதான். மன்னராட்சி ஒழிக்கப்பட்டது 1792 செப்டம்பர் 21-ல். அதுவும் நிரந்தரமாக அல்ல; 1814-ல் அவருடைய தம்பியே மன்னராகத் திரும்பி வந்தார்.